படத்தில் இல்லாத கறுப்புத் திரை

ஜூரிக் விமான நிலையத்தில் சுங்க அதிகாரி தகர டப்பாவைத் திறக்கச் சொன்னார். திறந்தேன். மூக்கைச் சுளித்துக்கொண்டு ஓரடி பின்னால் போனார்.

"சாப்பாட்டுப் பொருளா?"

"சினிமா" என்றேன்.

பழைய படச்சுருள் கெடத் தொடங்கினால் வினிகர் வாடை அடிக்கும். என் கைப்பையில் இருந்த பதினாறு மில்லிமீட்டர் சுருள், கோயம்புத்தூரில் எங்கள் திரைப்படச் சங்கத்தின் இரும்பு அலமாரியில் எத்தனை வருடம் கிடந்ததோ, யாருக்கும் தெரியாது. நான் செயலாளராகி அலமாரியைத் துப்புரவு செய்தபோது அடித்தட்டில் அகப்பட்டது. டப்பாவின் மேல் பென்சிலில் ஜப்பானிய எழுத்து, பக்கத்தில் ஏழு என்ற எண். ஊர் ஊராகச் சுற்றி வந்த படங்களில் ஒன்று எங்களிடம் தங்கிவிட்டிருக்கிறது. திருப்பி அனுப்பலாம் என்றால், முகவரியில் இருந்த அலுவலகமே இப்போது இல்லை. டப்பாவைப் புகைப்படம் எடுத்து இணையத்தில் போட்டேன். இரண்டு வருடம் ஒன்றும் நடக்கவில்லை.

பிறகு ஒரு மின்னஞ்சல் வந்தது. "அன்புள்ள சுமதி அக்கா, என் தமிழில் பிழை இருந்தால் மன்னிக்கவும், நான் பிறந்தது சுவிஸில்" என்று தொடங்கியது. எழுதியவள் பெயர் ஆரணி. லோசான் நகரில் படிக்கிறாள். சொந்த ஊரான லா ஷோ-து-ஃபோனில் அவளும் நண்பர்களும் இசோகாவா என்ற ஜப்பானிய இயக்குநரின் படங்களை மூன்று நாள் திரையிடப் போகிறார்கள். அவரே வருகிறார். ஏழாவது சுருள் தொலைந்துபோனதாக இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தாராம். உலகத்தில் அதற்கு வேறு பிரதி கிடையாது. தபாலில் அனுப்பப் பயமாக இருக்கிறது, யாராவது கையில் கொண்டுவர முடியுமா என்று கேட்டிருந்தாள்.

"ஒரு டப்பாவக் குடுக்கறதுக்கு சுவிட்சர்லாந்து வரைக்கும் போகோணுமா?" என்றார் என் கணவர்.

போக வேண்டும் என்றுதான் எனக்குத் தோன்றியது. பகல் முழுக்க நான் உட்காரும் இடம் ஒரு காப்பீட்டு அலுவலகம். ஓய்வூதியம் வாங்குகிற பெரியவர்கள் தாங்கள் இன்னும் உயிரோடு இருப்பதாகச் சான்றிதழ் கொண்டுவந்து கொடுப்பார்கள், நான் முத்திரை குத்துவேன். எதிரே நிற்கிற மனிதர் இருக்கிறார் என்பதற்குக் காகிதம் கேட்கிற வேலை. அதனால்தானோ என்னவோ, இணையத்தில் தேடிப் பார்த்த, கதையே இல்லாத இந்த வகை ஜப்பானியப் படங்கள் என்னைப் பிடித்துக்கொண்டன. 'நான் பார்ப்பது அங்கே இருக்கிறதா, அல்லது நான் பார்ப்பதால்தான் இருக்கிறதா?' என்று அவை கேட்கிற கேள்வி எனக்கு அலுவலகக் கேள்வி மாதிரியே இருந்தது. எங்கள் சங்கத்தில் இப்படி ஒரு படம் போட்டால் பத்து நிமிடத்தில் பாதிப் பேர் டீ குடிக்க எழுந்து போய்விடுவார்கள். மீதிப் பாதியில் நான் ஒருத்தி.

ரயிலில் ஏறியதும் முதல் கோளாறு. இந்த ஊர் ரயில்கள் நடுவழியில் இரண்டாகப் பிரியும் என்று எனக்கு யாரும் சொல்லவில்லை. சொல்லியிருப்பார்கள், ஜெர்மனில். நான் பின்பாதியில் இருந்தேன். முன்பாதி நான் போக வேண்டிய ஊருக்குப் போயிற்று. எதிர் இருக்கையில் மடியில் நாய்க்குட்டியோடு ஒரு அம்மாள். நாய் என் பையையே மோந்துகொண்டிருந்தது. "முட்டைக்கோஸ் ஊறுகாயா?" என்று அவர் ஆங்கிலத்தில் அன்பாக விசாரித்தார். என் பயணச்சீட்டைப் பார்த்துப் பதறி, அடுத்த நிலையத்தில் என்னோடு இறங்கி, சரியான நடைமேடையில் நிறுத்திவிட்டு, தன்னுடைய ரயிலைத் தவறவிட்டார். சுவிஸ்காரர்கள் முகம் கொடுத்துப் பேச மாட்டார்கள் என்று விமானத்தில் ஒருவர் சொன்னதை அங்கேயே மறந்துவிட்டேன்.

லா ஷோ-து-ஃபோனில் இறங்கியபோது ஒன்றரை மணி நேரம் தாமதம். பனி பெய்துகொண்டிருந்தது. நடைமேடையில் ஐம்பத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒருவர், கையில் ஒரு ஜோடிப் பெண்கள் பூட்ஸோடு நின்றார். ஆரணியின் அப்பா சிவநேசன்.

"உந்தச் செருப்போட நடக்க ஏலாது. மாலினி தந்துவிட்டவ. போடுங்கோ" என்றார். மாலினி அவர் மனைவி.

"ரொம்ப நேரமா நிக்கறீங்களா சார்?"

"சேரோ? சேர் எண்டால் எங்களுக்குப் பள்ளிக்கூடத்து வாத்தியார். அண்ணை எண்டு சொல்லுங்கோ, போதும்."

அண்ணை என்று எனக்கு வாயில் வரவில்லை. அண்ணா என்றேன். அதற்கும் சரி என்றார்.

வழியில் படிக்கட்டில் கடைசிப் படியைத் தவறவிட்டுத் தடுமாறினார். பனி என்று நினைத்தேன். இடது பக்கம் நடந்து வந்த என்னைப் பார்க்க ஒவ்வொரு முறையும் தலையை முழுதாகத் திருப்பினார். மரியாதை என்று நினைத்தேன்.

ஊர் கட்டம் போட்ட நோட்டுப் புத்தகம் மாதிரி நேர்த்தெருக்களாக ஓடுகிறது. வீடுகளில் வீட்டுக்குப் பொருந்தாத பெரிய பெரிய ஜன்னல்கள். அந்தக் காலத்தில் வீட்டுக்கு வீடு கடிகார வேலை நடந்ததாம், வெளிச்சத்துக்காக வைத்தவை என்றார் சிவநேசன். அவரும் கடிகாரத் தொழிற்சாலையில்தான் வேலை செய்கிறார். யாழ்ப்பாணத்திலிருந்து அகதியாக வந்து, உணவகத்தில் கோப்பை கழுவி, பிறகு அங்கே சேர்ந்தவர். மணிக்கூட்டின் முகத் தட்டுகளைக் கண்ணில் பொருத்திய பூதக்கண்ணாடியால் பார்த்து, தூசியோ கீறலோ இருந்தால் தள்ளி வைப்பது அவர் வேலை.

"தூசி பிடிக்கிற வேலை" என்று சாப்பாட்டு மேசையில் சொன்னார். "என்ர மேசையால தப்பிப் போன தூசி இல்லை."

மாலினி புட்டும், மீன் குழம்பும், கத்தரிக்காய்ப் பால்கறியும் வைத்தார். முதியோர் இல்லத்துச் சமையலறையில் வேலை முடித்து வந்து செய்தது. புட்டை எங்கள் ஊரில் வாழைப்பழத்தோடு பிசைவோம் என்றேன். "பழத்தோடயும் சாப்பிடலாம், குழம்போடயும் சாப்பிடலாம். ரெண்டையும் ஒண்டா மட்டும் போட்டிடாதேங்கோ" என்றார்.

மறுநாள் வெள்ளிக்கிழமை காலை ஆரணி லோசானிலிருந்து வந்து என்னைத் திரையரங்குக்கு அழைத்துப் போனாள். அறுபது இருக்கை உள்ள சின்ன அரங்கு. படம் ஓட்டுகிற அறையில், தோளில் சால்வையோடு மெலிந்த முதியவர் ஒருவர் உட்கார்ந்திருந்தார். இசோகாவா. எழுபத்தெட்டு வயது. டப்பாவை இரண்டு கையாலும் வாங்கினார். திறந்து முகர்ந்தார். சுங்க அதிகாரி போலப் பின்னால் நகரவில்லை. முகத்தை இன்னும் பக்கத்தில் கொண்டுபோனார்.

"சாகவில்லை" என்றார் ஆங்கிலத்தில், ஒவ்வொரு சொல்லாக. "ஆனால் வயதாகிவிட்டது."

அன்று மதியம் அவருடைய முதல் இரண்டு படங்கள். முதலாவதில் ஒரு சமையலறை மேசை, மேலே ஒரு கிண்ணம். காலையிலிருந்து மாலைவரை, நிமிடம் முழுக்கக் கேமராவைத் திறந்துவைத்து ஒரு சட்டகம் என்று எடுத்திருக்கிறார். அவர் வருகிறார், போகிறார், சாப்பிடுகிறார், ஆனால் திரையில் அவர் வெறும் புகை. கிண்ணம் மட்டும் திடமாக இருக்கிறது. அந்த வீட்டில் குடியிருப்பது கிண்ணம்தான், மனிதர் அதன் வழியே கடந்துபோனவர் என்று எனக்குத் தோன்றியது. இரண்டாவது படத்துக்கு அவர் மனைவி உதவியிருக்கிறார். எதிரே உட்கார்ந்து, கணவர் கண் இமைக்கும்போதெல்லாம் கேமராப் பொத்தானை அழுத்தியிருக்கிறார். அதாவது, அவர் பார்க்காமல் விட்ட உலகம் மட்டும் படத்தில் இருக்கிறது. ஒரு பூனை பாய்கிறது. திரைச்சீலை அசைகிறது. ஒருமுறை, மனைவியின் கை.

படம் முடிந்ததும் இயக்குநரிடம் கேள்வி கேட்பதுதான் எங்கும் வழக்கம். இசோகாவா அதைத் திருப்பிப் போட்டார். அவர் கேட்டார், நாங்கள் பதில் சொன்னோம். ஒரே கேள்வி: "நீங்கள் என்ன பார்த்தீர்கள்?" யார் என்ன சொன்னாலும் குறிப்புப் புத்தகத்தில் எழுதிக்கொண்டார். ஆரணி பிரெஞ்சிலிருந்து ஆங்கிலத்துக்கு மாற்றிக் கொடுத்தாள்.

மாலையில் ஆரணி வீட்டில் ஃபோண்டு செய்தாள். உருகிய பாலாடைக்கட்டியில் ரொட்டித் துண்டை முக்கித் தின்பது. ரொட்டிக்கு இவர்கள் பாண் என்கிறார்கள். மாலினி தன் தட்டோரம் ஒரு குவியல் மிளகாய்த்தூள் வைத்துக்கொண்டு, முக்கிய பாணை அதில் இன்னொரு முறை முக்கினார். நானும் அப்படியே செய்தேன். அதற்கப்புறம்தான் ஃபோண்டு உள்ளே இறங்கியது.

"அப்பா, நாளைக்குப் படத்துக்கு வாங்கோ."

"கதை இருக்கோ?"

"இல்லை."

"பாட்டு?"

"சத்தமே இல்லை, அப்பா."

"பேந்து என்னத்துக்கு ஆக்கள் வருகினம்?"

ஆரணி முகம் சுருங்கிவிட்டது. அதைப் பார்த்த சிவநேசன் என் பக்கம் தலையைத் திருப்பினார். "சுமதி உவ்வளவு தூரம் தூக்கிக்கொண்டு வந்தவ. அதுக்காண்டி வாறன்" என்றார்.

சனிக்கிழமை மூன்று மணிக்கு ஏழாவது சுருள். இருபது பேர் இருந்திருப்போம். மாலினியும் வந்திருந்தார், வேலைக்குப் போகிற உடையோடு. சுருள் சுருங்கியிருந்ததால் எந்த இடத்திலும் அறுந்துவிடலாம் என்று படம் ஓட்டுபவர் எச்சரித்தார். இசோகாவா எழுந்து, தலைகுனிந்து வணங்கிவிட்டு உட்கார்ந்தார்.

ஜப்பானிய வீடுகளில் இருக்குமே, மரச்சட்டத்தில் வெள்ளைக் காகிதம் ஒட்டிய கதவு. அந்தக் காகிதம் மட்டும் திரை முழுக்க. வெளியே இருக்கும் சூரியன் மெல்ல ஏறுகிறது. சாம்பல், பால், பிறகு கூசுகிற வெள்ளை. பிறகு இறங்குகிறது. மறுபடி ஏறுகிறது. புரொஜெக்டரின் கடகடப்பைத் தவிர சத்தம் இல்லை. பத்து நிமிடத்துக்குப் பிறகு என் கண்ணுக்குள்ளேயே நிறங்கள் ஓட ஆரம்பித்தன. ஓரத்தில் இளநீலம், நடுவில் ரோஜா நிறம். அவை திரையில் இல்லை என்று தெரியும். தெரிந்தும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

பக்கத்தில் சிவநேசன் தூங்கியிருப்பார் என்று திரும்பினேன். முன்னால் குனிந்து, முழங்கையை முட்டியில் ஊன்றி, ஆடாமல் அசையாமல் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சுருள் அறுபடாமல் முடிந்தது. விளக்கு எரிந்தது. இசோகாவா புத்தகத்தைத் திறந்தார். "நீங்கள் என்ன பார்த்தீர்கள்?"

"பனி" என்றார் ஒரு இளைஞர். "என் மூச்சை" என்றார் ஒரு பெண். "ஒரு குதிரையை, நிச்சயமாகக் குதிரையை" என்றார் பின்வரிசைக்காரர், எல்லோரும் சிரித்தார்கள்.

சிவநேசன் கையைத் தூக்கினார். தொழிற்சாலையில் கற்ற பிரெஞ்சில் சொன்னார்: "கறுப்புத் திரை."

ஆரணி அப்பாவை வியப்போடு பார்த்துவிட்டு மொழிபெயர்த்தாள். இசோகாவாவின் பேனா நின்றது.

"எங்கே?"

"இடது பக்கம், கீழ் மூலையில். கொஞ்சம் கொஞ்சமாக மேலே வந்தது. நல்லாச் செய்திருக்கிறீர்கள்."

"எப்போது மறைந்தது?"

"மறையவில்லை. இப்போதும் இருக்கிறது."

யாரோ லேசாகச் சிரித்தார்கள். இசோகாவா சிரிக்கவில்லை. எழுந்து, நாற்காலிகளைப் பிடித்துப் பிடித்து எங்கள் வரிசைக்கு வந்தார். தன் உள்ளங்கையால் சிவநேசனின் இடது கண்ணை மூடினார்.

"இப்போது?"

"இல்லை."

வலது கண்ணை மூடினார்.

"இப்போது?"

"இருக்கு" என்று தமிழில் சொன்னார் சிவநேசன். "ஓம், இருக்கு."

"மின்னல் மாதிரி ஏதாவது?"

ஆரணி அதைத் தமிழில் கேட்டாள். சிவநேசன் கொஞ்சம் யோசித்தார். "அது படத்தில வந்த மின்னல் எண்டு நினைச்சன்."

"என் படத்தில் மின்னல் இல்லை" என்றார் இசோகாவா. "திரையும் இல்லை. மருத்துவமனைக்கு. நாளைக்கு இல்லை, இப்போது." அவர் ஆங்கிலத்தை அவ்வளவு வேகமாகப் பேசி நான் அதுவரை கேட்டதில்லை.

ஆரணி தொலைபேசியில் பேசினாள். சொன்ன அறிகுறிகளைக் கேட்டதும் லோசான் கண் மருத்துவமனையில் உடனே கூட்டிவரச் சொல்லிவிட்டார்கள். விழித்திரை பிய்ந்துகொண்டிருக்கலாமாம். மாலினி ஏற்கெனவே கார்ச் சாவியைக் கையில் எடுத்துவிட்டார். நான் முன் இருக்கையில். பின்னால் ஆரணி, நடுவில் சிவநேசன், அந்தப் பக்கம் இசோகாவா. அவரை யாரும் அழைக்கவில்லை. வேண்டாம் என்று சொல்லவும் யாருக்கும் வாய் வரவில்லை.

மலையிலிருந்து இறங்குகிற பாதை, வளைவுக்கு வளைவு பனி. முதல் வளைவிலேயே இசோகாவா, சிவநேசனின் தலையை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டார், காய்ந்த மண்பானையைப் பிடிப்பது போல. தலை குலுங்கக்கூடாது என்றார். முகம் தெரிந்து ஒரு மணி நேரம்கூட ஆகாத ஒருவரின் கைகளுக்குள் தலையைக் கொடுத்துவிட்டு சிவநேசன் நேரே பார்த்துக்கொண்டிருந்தார்.

"எத்தினை நாளா, அப்பா?"

சிவநேசன் இருக்கைப் பட்டையை இறுக்கினார்.

"அப்பா!"

"ரெண்டு கிழமை, ஒரு பதினைஞ்சு நாள் இருக்கும். முதல்ல சின்னச் சின்னப் புழு மாதிரி. மணிக்கூட்டு முகத்தில தூசி எண்டு நினைச்சுப் போட்டு நல்ல சாமானையெல்லாம் தள்ளிப்போட்டன். எங்கட ஷெஃப், மேலதிகாரி, வந்து, எல்லாம் சுத்தமாத்தானே இருக்கு எண்டு கேட்டவன். பேந்து கண்ணாடியை வலது கண்ணுக்கு மாத்திக்கொண்டன்."

"ஏன் எங்களுக்குச் சொல்லேல்லை?"

"கண் சரியில்லை எண்டால் அந்த மேசையில இருக்க விடுவாங்களோ? எனக்கு வேற என்ன வேலை தெரியும்?"

மாலினி சாலையிலிருந்து பார்வையை எடுக்கவில்லை. "இஞ்சேருங்கோ" என்றார். "கண் போனாப் பிறகு எந்த மேசையில இருக்கப் போறீங்கள்?"

ஒவ்வொரு வளைவிலும் வேகத்தைக் குறைத்து, லோசான்வரை அப்படியே ஓட்டினார்.

கண்ணைப் பார்த்த மருத்துவர் இளம்பெண். விழித்திரையின் மேல்பகுதி கழன்று தொங்குகிறது, நடுப்பகுதி இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிறது என்றார். கூர்மையான பார்வை எல்லாம் அந்த நடுப்பகுதியில்தான் இருக்கிறதாம். அது கழன்றிருந்தால் ஒட்டவைத்தாலும் பழைய பார்வை வந்திருக்காது. "நல்ல நேரத்தில் வந்தீர்கள். எப்படிக் கண்டுபிடித்தீர்கள்?" என்று கேட்டார். ஆரணி விளக்கத் தொடங்கி, பாதியில் அழுதுவிட்டாள். அறுவை சிகிச்சை மறுநாள் காலை என்று முடிவாயிற்று. ஆரணியின் சின்ன வீட்டில் நாங்கள் ஆளுக்கொரு மூலையில் முடங்கினோம். இசோகாவா பக்கத்தில் ஒரு விடுதியில் தங்கினார்.

ஞாயிறு காலை மாலினியும் ஆரணியும் அறுவைக் கூடத்துக்கு வெளியே. நானும் இசோகாவாவும் கீழே உணவகத்தில். அரைநிலா ரொட்டிகளும் காபியும் வாங்கி வந்தேன். அவர் தொடவில்லை. மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார். அப்போதுதான் அவருடைய இடது கண் வேறு எங்கோ பார்ப்பதைக் கவனித்தேன்.

"எனக்கு அப்போது முப்பத்தொரு வயது" என்றார். "ஒரு காலை காகிதக் கதவில் ஒரு நிழல் எழுந்தது. கதவைத் துணியால் துடைத்தேன். போகவில்லை. அது என் கண்ணில் இருக்கிறது என்று புரிந்தது. பயப்பட்டிருக்க வேண்டும். நான் சந்தோஷப்பட்டேன். உலகத்தில் இல்லாத ஒன்றை என்னால் பார்க்க முடிகிறதே! கேமராவைக் கொண்டுவந்து அந்தக் கதவை மூன்று நாள் படம் எடுத்தேன். மருத்துவரிடம் போகலாம் என்று மனைவி கெஞ்சினாள். வெளிச்சம் நன்றாக இருக்கிறது, நாளைக்குப் போகலாம் என்றேன். நான்காம் நாள் அந்தக் கண்ணில் ஒன்றுமே இல்லை."

"அதுதான் ஏழாவது சுருளா?"

"அதுதான். கழுவி வந்தபோது வெறும் கதவு. நிழல் எப்படி வரும்? கேமராவுக்கு என் கண்ணைப் பற்றி என்ன தெரியும்? ஒரு கண்ணைக் கொடுத்து ஒரு கதவைப் படம் பிடித்திருக்கிறேன். அதற்குப் பிறகுதான் எல்லோரிடமும் அந்தக் கேள்வியைக் கேட்க ஆரம்பித்தேன். சுருள் தொலையும்வரை அதைப் பார்த்தவர்களில் ஒருவர்கூட நிழலைச் சொன்னதில்லை."

கண்ணாடியை எடுத்துத் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார்.

"நேற்று அவர் கறுப்புத் திரை என்றார். ஒரு விநாடி, ஒரே விநாடி, நான் சந்தோஷப்பட்டேன். கடைசியில் ஒருவர் என் படத்தைப் பார்த்துவிட்டார் என்று. அதற்குப் பிறகுதான் அவருடைய கண் என் நினைவுக்கு வந்தது."

அலுவலகத்தில் என்றால் முத்திரை குத்திவிட்டு அடுத்தவரைக் கூப்பிட்டிருப்பேன். ரொட்டித் தட்டை அவர் பக்கம் நகர்த்தினேன். கொஞ்ச நேரம் கழித்து ஒரு துண்டு பிய்த்துச் சாப்பிட்டார்.

அறுவை நன்றாக முடிந்தது. கண்ணுக்குள் ஒரு வாயுக் குமிழியை விட்டிருந்தார்கள். விழித்திரை ஒட்டிக்கொள்ளும்வரை அது உள்ளேயிருந்து அழுத்திப் பிடிக்குமாம். சில நாள் குப்புறவே இருக்க வேண்டும். இன்னொன்றும் சொன்னார்கள், அதுதான் எல்லோரையும் திகைக்கவைத்தது: வாயு முழுவதும் கரையும்வரை உயரமான இடத்துக்குப் போகக் கூடாது, மேலே போனால் குமிழி விரிந்து கண்ணைக் கெடுத்துவிடும். சிவநேசனின் வீடு இருப்பதோ ஆயிரம் மீட்டர் உயரத்தில். கையில் ஒரு எச்சரிக்கைப் பட்டியைக் கட்டி அனுப்பிவிட்டார்கள். சொந்த வீட்டுக்குப் போக முடியாத அவர், மகளுடைய ஒற்றை அறை வீட்டில் தங்கினார்.

அடுத்த இரண்டு நாள் அந்த அறையில் எல்லா வேலையும் ஒருவர் காலை ஒருவர் தாண்டித்தான் நடந்தது. மாலினி மலையிலிருந்து சோறும் சொதியும் டப்பாக்களில் கொண்டுவந்தார். முகம் வைக்கத் துளை உள்ள ஒரு கட்டிலை ஆரணி வாடகைக்கு எடுத்திருந்தாள். அப்பா அதில் குப்புறக் கிடக்க, மகள் கீழே கால்நீட்டி உட்கார்ந்து பாடம் படித்தாள்.

"என்ன தெரியுதுங்க அண்ணா?" என்று கேட்டேன். கேட்காமல் இருக்க முடியவில்லை.

"தண்ணிப் போத்தலுக்குள்ளால பாக்கிற மாதிரிக் கிடக்கு. மருந்து விட எழும்பி இருந்தால் ஒரு கோடு ஆடுது, மேசன்மாரின்ர நீர்மட்டத்தில குமிழி ஆடுற மாதிரி. டொக்டர் சொல்லுறா, குமிழி உண்மையில மேலதான் மிதக்குதாம். எனக்குக் கீழ தெரியுது. கண் எல்லாத்தையும் தலைகீழாத்தான் பிடிக்குமாம், மூளைதான் நிமித்தி விடுறதாம்." துளைக்குள் முகத்தைச் சரிசெய்துகொண்டார். "இவ்வளவு காலம் கண்ணால உழைச்சும் உது தெரியாமப் போச்சு."

புதன்கிழமை இசோகாவா விடைபெற வந்தார். வாசலில் நின்று இடுப்புவரை குனிந்தார். கட்டிலில் கிடந்தவருக்கு அது தெரிந்திருக்காது, தரைவிரிப்பு மட்டும்தான் தெரியும். இசோகாவாவுக்கும் அது புரிந்தது போலிருக்கிறது. சால்வையை எடுத்து நாற்காலியில் போட்டார். முழங்காலை மடக்கி, ஒரு கையை ஊன்றி, தரையில் மல்லாந்து படுத்தார். நகர்ந்து நகர்ந்து, கட்டிலின் துளைக்கு நேர் கீழே முகத்தைக் கொண்டுவந்து நிறுத்தினார்.

"ஆரது?" என்றார் சிவநேசன். பிறகு, "ஓ! இசோகாவா அண்ணை!"

கீழே படுத்தபடி இசோகாவா என்னிடம் சொன்னதையெல்லாம் அவரிடமும் சொன்னார். கதவு, மூன்று நாள், அந்த ஒரு விநாடி. ஆரணி தரையில் உட்கார்ந்து வாக்கியம் வாக்கியமாகத் தமிழில் சொன்னாள். "சந்தோஷப்பட்டதுக்கு மன்னிப்புக் கேக்கிறார், அப்பா."

இரண்டு முகங்களுக்கும் நடுவே ஒரு முழ இடைவெளி.

"பிள்ளை, இப்பிடிச் சொல்லு" என்றார் சிவநேசன். "நான் வீட்டை போய்ப் படுத்திருப்பன். திங்கள் வேலைக்கும் போயிருப்பன். என்ன பாத்தனீ, எங்க பாத்தனீ எண்டு என்னட்ட ஆரும் ஒரு நாளும் கேட்டதில்லை. அண்ணை கேட்டவர். அவர் சந்தோஷப்படட்டும். அவற்ற கண்ணை நினைச்சால்தான் எனக்கு மனசு அந்தரமாக் கிடக்கு."

ஆரணி சொல்லி முடிப்பதற்குள், சிவநேசனின் கண்ணிலிருந்து மருந்துத் துளி ஒன்று துளை வழியாக விழுந்து இசோகாவாவின் மூக்கில் தெறித்தது. மருந்துதானா என்று எனக்கு நிச்சயமில்லை. இசோகாவா துடைத்துக்கொள்ளவில்லை. இருவரும் சிரிக்க ஆரம்பித்தார்கள், ஒருவர் மேலும் ஒருவர் கீழும் கிடந்தபடி. அவரைத் தரையிலிருந்து தூக்கி நிறுத்த நானும் ஆரணியும் சேர்ந்து பாடுபட வேண்டியிருந்தது.

போகும்போது சுருளைக் கணினிப் பிரதி எடுக்க அனுமதி எழுதிக் கொடுத்தார். ஒரு பிரதி எங்கள் சங்கத்துக்கும் உண்டு. மறுநாள் நான் ஊருக்குக் கிளம்பினேன்.

சித்திரை பிறந்து ஒரு வாரம் இருக்கும். அலுவலகத்தில் மதியச் சாப்பாட்டுக்கு டப்பாவைத் திறக்கும்போது சிவநேசனிடமிருந்து அழைப்பு வந்தது. குமிழி சின்னதாகி, மணி மணியாக உடைந்து, ஒரு காலையில் காணாமலே போய்விட்டதாம். மருத்துவர் மலைக்குப் போக அனுமதித்து ஒரு வாரம் ஆகிறது. இடது கண்ணில் நேர்க்கோடுகள் இன்னும் கொஞ்சம் வளைந்துதான் தெரிகின்றன, நாளாக ஆகச் சரியாகலாம் என்கிறார்கள். பழைய மேசை கிடைக்குமா என்பது இன்னும் தெரியாது. தொழிற்சாலையில் கண் பரிசோதனை வைக்கிறார்களாம், அதுவரை விடுப்பு.

"அதுக்கு எடுக்கேல்லை" என்றார். "ஆரணி அந்தப் படத்தின்ர பிரதியைக் கொண்டு வந்தவள். நேற்றுப் பின்னேரம் வீட்டுச் சுவரில போட்டுப் பாத்தனாங்கள். முழுக்கப் பாத்தன். இடது கண்ணாலயும் பாத்தன், வலது கண்ணாலயும் பாத்தன்." குரல் உயர்ந்தது. "சுமதி, அதில ஒண்டுமே இல்லை!"

பின்னால் மாலினி சிரிப்பது கேட்டது.

"முழுசா வெள்ளைங்களா அண்ணா?" என்றேன்.

"ஓம், முழுக்க வெள்ளை. கீழ் மூலையும் வெள்ளை."